தொண்ணூத்தாறு பிரேம்

டப்பாவை இன்னும் தொடாதீங்க அம்மிணி. மொதல்ல அந்த மோரைக் குடிங்க. மெட்ராசுல இருந்து எங்க கோபிக்கு வந்து எறங்கி, இந்த வெயில்ல சந்து சந்தா வூட்டைத் தேடி நடந்து வந்திருக்கறீங்க. வந்த ஒறம்பரைக்கு ஒரு வாய் மோர் கூடக் குடுக்காம சாமானத்தைக் கையில குடுத்துத் தாட்டி உட்டுட்டான் நாச்சிமுத்துன்னு நாளைக்கு எவனாச்சும் பேசிறக் கூடாது பாருங்க. பாப்பாத்தி, அந்த ஃபேனை இந்தப் பக்கம் திருப்பி உடு. என்ற சம்சாரமுங்க.

குடிச்சாச்சா? செரி. உங்க ஃபாரத்துல கையெழுத்துப் போடறேன். போட மாட்டேன்னு சொல்லலை. ஆனா அதுக்கு முந்தி நான் சொல்றதை முழுசாக் கேக்கோணும். நடுவுல வெட்டக் கூடாது. வெட்டுன்னாலே எனக்கு ஆகாதுங்க. ஒரு பிரேமை வெட்ட உடமாட்டேன். அம்பத்தொம்பது வருசமா எவன் வந்து கேட்டாலும் என்ற வாயில இந்த ஒரு பேச்சுத்தான்.

நான் செல்லாண்டி டாக்கீஸ்ல ஆப்பரேட்டருங்க. இருந்தேன்னு சொல்லோணும், டாக்கீஸை இடிச்சுக் கல்யாண மண்டபம் கட்டிப்போட்டாங்க. அங்கதான் 'அரளிக்கோட்டை' வந்துச்சு, அறுபத்தாறு பொங்கலுக்கு. உங்க கம்பெனியில அதை ஹீரோ படம்னு போஸ்டர் அடிச்சிருக்கறீங்க. தப்புங்க. ஹீரோ வந்தாரு, குதிரை ஏறுனாரு, ரெண்டு டூயட் பாடுனாரு, போனாரு. அது வஜ்ரம் உலகநாதன் படம். ஆமாங்க, வில்லன்தான். சிரிக்காதீங்க. வில்லனுக்கு ரசிகர் மன்றமான்னு அன்னைக்கு ஊரே சிரிச்சுச்சு. ஹீரோ மன்றத்துப் பசங்க எங்க போர்டு மேல சாணி அடிச்சானுக. கழுவி மாட்டுனோம். மறுபடி அடிச்சானுக, மறுபடி கழுவி மாட்டுனோம். அவனுக கைதான் ஓஞ்சுச்சு. எங்க போர்டு எறங்கலை.

படத்துல அவரு பேரு மாந்தையன். ராசாவைக் கொன்னு கோட்டையைப் புடிச்சவரு. கடைசியில புடிபட்டு இருட்டறையில சங்கிலி போட்டுக் கெடக்கறாரு. பொழுது விடிஞ்சா தலையை வாங்கப் போறாங்க. அந்நேரத்துல ராசா மக ஒரு செம்புல தண்ணி கொண்டாறா. அப்பனைக் கொன்னவனுக்குங்க! அவரு வாங்கி, வாய்கிட்ட கொண்டுபோயி, அப்படியே நிறுத்திப்போடுவாரு. "தாகம் எனக்கில்லை, அம்மா. நான் கொன்ற மனிதர் இன்னும் தாகத்தோடு கிடக்கிறார். இதை அவர் சமாதியில் ஊற்று" அப்படீம்பாரு. அப்புறம் பேச்சே கெடையாது. பாட்டு கெடையாது, மேளம் கெடையாது. தெரை முழுக்க அவரு மூஞ்சி. கண்ணு கலங்கி, ஒத்தைச் சொட்டு, அப்படியே கன்னத்துல எறங்கும். அத்தனையும் சேத்து மூணு நிமிசம்.

கொட்டாயில ஒரு சனம் பாக்கி இல்லாம அழுகும். பொம்பளைங்க மூக்கைச் சிந்தற சத்தம் என்ற ரூமு வரைக்கும் கேக்கும். அதுக்குப் பொறகு ஹீரோ வந்து கத்திச் சண்டை போட்டா எவன் பாப்பான்? எந்திரிச்சுப் போயிட்டாங்க. ஹீரோவுக்கு இது பொறுக்குமா? மூணாவது வாரம் கம்பெனி ஆளு ஒருத்தரு வந்து எறங்குனாரு. ஊர் ஊராப் போயி, எல்லாப் பிரிண்டுலயும் அந்த மூணு நிமிசத்தை வெட்டி வாங்கிட்டுப் போகோணுமாம். மேல இருந்து உத்தரவாம்.

என்ன, நீளம் ஜாஸ்தின்னுதான் வெட்டுனாங்கன்னு உங்க ஃபைல்ல இருக்குதா? இருக்குமுங்க, நல்லா இருக்கும். அந்த ஃபைலை எழுதுனது ஆரு? வெட்டுனவன்தானே எழுதியிருப்பான்.

என்ற கையில கத்திரியைக் குடுத்து வெட்டுன்னாரு. வெட்டுனேன். சோறு போடற எடம், என்ன பண்ணறது? ஆனா அவரு வாங்கிட்டுப் போன சுருள்ல உலகநாதன் இல்லீங்க. படத்துக்கு முந்தி ஓட்டற சர்க்கார் நியூஸ் ரீலு இருக்குமல்லங்க, எங்கயோ அணைக்கட்டுத் தொறப்பு விழா, அதுல எரநூத்தெழுவது அடி அளந்து சுத்திக் குடுத்துட்டேன். அந்த மகராசன் வெளிச்சத்துல புடிச்சுக்கூடப் பாக்கலை. மெட்ராசுல போயி அணைக்கட்டைக் கொளுத்தியிருப்பாங்க. உலகநாதன் என்ற டிபன் கேரியர்ல, ரசத்துக்கு மேல் அடுக்குல உக்காந்து வூடு வந்து சேந்துட்டாரு. இன்னைக்கு உலகத்துல அந்த மூணு நிமிசம் இருக்கற ஒரே எடம் இந்த அட்டாலிப் பரண்தான். பிஸ்கட் டப்பா, உள்ள வேப்பந்தழை. வருசா வருசம் தழை மாத்துவேன்.

மூக்கைப் பொத்தாதீங்க, தொறக்கறேன். புளிச்ச காடி வாசம் வருதுங்களா? இந்த வாசத்தை நான் சொன்னதுக்கு, அது பிலிம் அழுகற வாசம்னு போனவாரம் போன்ல சொன்னீங்க. ஓட்டுக்கு அடியில சூட்டுல வெச்சதுனால கெட்டுப்போச்சாம். என்ன பேச்சு அம்மிணி இது? அழுகறதுக்கு அது என்ன தக்காளியா? பழைய பிலிமுக்குன்னு ஒரு வாசம் இருக்குமுங்க. எனக்கு இதுதான் சந்தனம்.

செரி, ஆகற கதைக்கு வாறேன்.

ரெண்டு வருசம் முந்தி உங்க கம்பெனி 'அரளிக்கோட்டை'யைப் புதுப்பொலிவுன்னு கலர் அடிச்சு உட்டீங்க. ஈரோட்டுல மொத ஆட்டத்துக்கு நாங்க ஏழு பேர் போனோம். மன்றத்துல நடக்கற நெலமையில மிச்சம் இருந்தது ஏழே பேரு. எல்லாரும் எம்பதை ஒட்டுன வயசு. இருட்டறை வந்துச்சு. சங்கிலி வந்துச்சு. அந்தப் புள்ளை செம்பைத் தூக்கிட்டு நடந்து வந்துச்சு. டக்குனு விடிஞ்சுருச்சுங்க! செம்பு எங்க, தண்ணி எங்க, மனுசன் எங்க? நான் எந்திரிச்சுத் தெரைக்கு முன்னால போயி நின்னுக்கிட்டேன். என்ற வேட்டி மேல கத்திச் சண்டை ஓடுது. "மூணு நிமிசத்தைக் குடுடா, அப்பத்தான் நகருவேன்"னு கத்துனேன். மத்த ஆறு பேரும் கைத்தடியைத் தட்டுனாங்க. அதை எவனோ செல்போன்ல புடிச்சுப் போட்டு, ஊரெல்லாம் பாத்து, அப்புறந்தானே உங்க கம்பெனிக்கு எங்க நெனப்பு வந்துச்சு? போலீசு வந்து எறக்குனாங்க. எறங்குனேன், ஆனா கத்தறதை நிறுத்தலை.

அதனாலதான் அடுத்த மாசம் பதினாலாந்தேதி முழுப் படத்தையும், கலர் இல்லாம, பழையபடி கறுப்பு வெள்ளையில உடப் போறீங்க. நெம்பச் சந்தோசம். இன்னைக்கு டப்பா உங்க கைக்கு வந்தாத்தான் அதுக்குள்ள வேலை முடியும்னு சொல்றீங்க. எனக்கும் தெரியுது. எம்பத்தொண்ணு நடக்குது எனக்கு. இன்னொரு தடவை உடுவீங்கன்னு நான் உக்காந்திருக்க முடியுமா?

கேளுங்க, கேளுங்க. அதைத்தான் கேப்பீங்கன்னு தெரியும். நடுவுல நாலு நொடி இல்லை. ஆமாங்க. சொட்டு எறங்கற நாலு நொடி. தொண்ணூத்தாறு பிரேமு, ஆறு அடி. பக்கத்து வூட்டுப் பையன் சுருளைச் செல்போன்ல புடிச்சு அனுப்புனானே, அதை உங்க கம்ப்யூட்டர்ல போட்டுப் பாத்துட்டு, "இங்க யாரோ வெட்டியிருக்கறாங்களே ஐயா"ன்னீங்க பாருங்க, அந்த வார்த்தை எனக்குச் சுருக்குனு தெச்சுச்சு. அது வெட்டு இல்லீங்க.

மன்றத்துக்கு உறுப்பினர் கார்டு வேணும். ஹீரோ மன்றத்துல போட்டோ ஒட்டிக் குடுத்தானுக. போட்டோ ஆருகிட்டத்தான் இல்லை? எங்க கார்டுல நடுவுல சதுரமா ஓட்டை போட்டு, அதுல ஒரு பிரேமு ஒட்டிக் குடுத்தோம். அசல் பிலிமு! சூரியனுக்கு நேராத் தூக்கிப் புடிச்சா உலகநாதன் நிப்பாரு. தமிழ்நாட்டுல எந்த மன்றத்துலயாச்சும் இப்படி ஒரு கார்டு உண்டா? எந்தப் பிரேமைக் குடுக்கறதுன்னு வந்தப்ப, அழுகற எடந்தான் வேணும்னு அத்தனை பேரும் ஒத்தைக் கால்ல நின்னாங்க. மொத்தம் தொண்ணூத்தாறு பேரு, ஆளுக்கு ஒண்ணு. கோயில்ல பொங்கல் வெச்சா ஆளுக்கொரு கை குடுக்கறதில்லையா? அதைப் போயி வெட்டுனதுன்னு சொல்லலாமா? பங்கு வெச்சதுங்க.

அதுலயும் நான் சும்மா அள்ளிக் குடுக்கலை. உறுப்பினர் நெம்பரும் பிரேம் நெம்பரும் ஒண்ணே. ரெண்டாம் நெம்பர்ல எமை நனையும். முப்பதுல சொட்டு எமையைத் தாண்டும். அறுவதுல பாதிக் கன்னம். தொண்ணூத்தாறுல தாடிக்குள்ள போயிரும். பாதிக் கன்னத்து நெம்பருக்கு டெய்லர் பொன்னானும் வாத்தியார் தேவசகாயமும் அடிச்சுக்காத குறை. செக்ரட்டரிங்கறதுனால ஒண்ணாம் நெம்பர் எனக்கு. கண்ணு ரொம்பி நிக்குது, சொட்டு இன்னும் வெளிய வரலை. அழுகறதுக்கு முந்தின உலகநாதன். அது என்கிட்ட மட்டும்தான்.

நீங்க போன்ல என்ன சொன்னீங்க? போனாப் போகுது ஐயா, அந்த நாலு நொடியைக் கம்ப்யூட்டர்லயே செஞ்சுக்கலாம்னீங்க. எனக்கு ஒடம்பெல்லாம் எரிஞ்சுச்சு. உலகநாதன் அழுததை நீங்க எப்படி அம்மிணி செய்வீங்க? உங்க கம்ப்யூட்டருக்கு ஆரு செத்துப்போனா, அது அழுகறதுக்கு? ஒரு மாசம் டயம் குடுங்க, தொண்ணூத்தாறையும் நான் கொண்டாறேன்னு சொன்னேன். சொன்னபடி கெளம்பிட்டேன். பஸ் பாஸும் கைத்தடியும்தான்.

சத்தி, அந்தியூர், பவானி, நம்பியூர். போகாத வூடு இல்லீங்க. பாதிப் பேரு போய்ச் சேந்துட்டாங்க, அவங்க புள்ளைங்களுக்குக் கார்டுன்னா என்னன்னே தெரியலை, பொட்டியைக் கவுத்து நானே தேடி எடுத்தேன். ஒருத்தன் வூட்டுல சாமி படத்தோட மாட்டி, வெளக்குப் புகை ஏறிக் கரியாக் கெடந்துச்சு. ஒருத்தன் பர்சுல மடிச்சு வெச்சிருந்தான், நடுவுல கோடு. ஒருத்தன் கல்யாண ஆல்பத்துல பசை போட்டு ஒட்டி வெச்சிருந்தான், மாப்பிள்ளைக்குப் பக்கத்துல உலகநாதன்! வாய்க்கு வந்தபடி திட்டிப்போட்டேன். பொருளைப் பேணத் தெரியாத பசங்க. என்னாட்ட வெச்சிருந்தவன் எவனும் இல்லீங்க. வருசம் தப்பாம அவரு நெனவு நாள் அன்னைக்குக் கார்டை எடுத்து, ஈரத்துணியில நல்லா அழுத்தித் தொடச்சு, கற்பூரம் காட்டி, மறுபடி சட்டைப் பையில வெச்சுக்குவேன். அம்பது வருசத்துல ஒரு வருசம் தப்புனதில்லை.

மலேசியாவுல இருந்து தபால்ல ஒண்ணு வந்துச்சு. எழுவத்தேழாம் நெம்பர். அங்க போயிச் செத்துப்போன மெம்பரோட பேத்தி, நாங்க தெரைக்கு முன்னால கத்துன வீடியோவைப் பாத்துட்டு அனுப்பியிருக்குது. கவரைப் பிரிச்சப்ப நான் அழுதேன். பாப்பாத்தியைக் கேளுங்க.

கருணாம்பாகிட்டத்தான் கொஞ்சம் மல்லுக்கு நிக்க வேண்டியதாப் போச்சு. நாப்பத்தொண்ணாம் நெம்பரு சாமியப்பனோட சம்சாரம். அவன் போயி பதினெட்டு வருசம் ஆச்சு. அவனோட கார்டைக் குங்குமச் சிமிழ்ல வெச்சிருக்குது. தர மாட்டேன்னுச்சு. "அண்ணா, அவரு கைபட்டதுன்னு என்கிட்ட இருக்கறது இது ஒண்ணுதான்"னு கண்ணைக் கசக்குச்சு. இங்க பாரும்மா, இது உன்ற புருசன் சொத்து இல்லை, சினிமாவோட சொத்து, நீ ஒருத்தி புடிச்சு வெச்சுக்கிட்டா நாளைக்குப் பாக்கற சனத்துக்கு உலகநாதன் அரைகொறையாத்தான் அழுகோணும், அப்படீன்னு கட் அண்ட் ரைட்டாச் சொல்லிட்டேன். சொல்லித்தானே ஆகோணும்? கொண்டாந்து கையில வெச்சுது. வெச்சுட்டு, "நீங்க உங்களுதைக் குடுத்தாச்சுங்களா அண்ணா?"ன்னுச்சு. பொம்பளைங்க பேச்சைப் பாருங்க! நான் செக்ரட்டரி. என்னைப் பாத்து அந்தக் கேள்வி. கார்டைக் கவருல போட்டுக்கிட்டு வந்துட்டேன்.

இந்தாங்க கவரு. எண்ணிப் பாருங்க. தொண்ணூத்துநாலு.

அம்பத்தஞ்சாம் நெம்பர் இல்லை. அது சலூன் ரங்கநாதனுது. சட்டைப் பையில கார்டோடயே பொதைச்சுட்டாங்க. அவன் சொல்லி வெச்சிருந்தானாம். அந்த எடத்துல கறுப்பா ஒரு பிரேமு உட்டுருங்க. முன்னயும் பின்னயும் இருக்கற பிரேமை வெச்சு ரொப்பிரலாம்னு சொல்லாதீங்க. அது ரங்கநாதன் எடம். அவன் எடுத்துட்டுப் போனது போனதுதான். எமைக்கற நேரம் கறுப்பு வரும், வரட்டும். எங்க மன்றத்துல ஒருத்தன் செத்தது தெரையில தெரியட்டும்.

என்னங்க? ரங்கநாதனோட சேத்தும் தொண்ணூத்தஞ்சுதான் கணக்கு வருதா?

ஒண்ணாம் நெம்பரா? அது செக்ரட்டரி கார்டுங்க. அதுல இன்னும் சொட்டே வரலியே, அதெதுக்கு? ரெண்டுல இருந்து ஆரம்பிச்சா ஒருத்தனுக்கும் வித்தியாசம் தெரியாது. ஒரே ஒரு பிரேமுதானே...

நான் என்ன சொன்னேன் இப்ப?

நீங்க ஒண்ணும் சொல்ல வேண்டாம். பாக்கற பார்வையே போதும். கருணாம்பாளும் இப்படித்தான் பாத்துச்சு.

உள்ளதைச் சொல்லிர்றேன் அம்மிணி. எனக்குக் கை வரலீங்க. தொண்ணூத்துநாலு பேர்கிட்டயும் கையை நீட்டி வாங்குனேன். இதை எடுக்கப் போனா கை பைக்குள்ளயே நின்னுருது. என்ற டாக்கீஸ் போச்சு. தோழனுக போயிட்டானுக. புள்ளையில்லாத வூடு இது. நெஞ்சுக்கு மேல இது ஒண்ணு உரசிட்டே இருந்தாத்தான் நான் நாச்சிமுத்துன்னு எனக்கே தெரியும். இதையும் குடுத்துப்போட்டா, டப்பாவும் போயி, அட்டாலியும் காலியாகி... செரி. உடுங்க. ஒரு பிரேமை வெட்ட உடமாட்டேன்னு சொன்னவன் நான்தானே? மத்தவனுக்கு ஒரு நாயம், எனக்கு ஒரு நாயமா?

இந்தாங்க. பாத்துப் புடிங்க, அட்டை நைஞ்சு போச்சு. அந்த சன்னல்கிட்ட போயி வெளிச்சத்துல தூக்கிப் பாருங்க. மத்ததெல்லாம் கரியும் கோடுமாக் கெடந்ததைப் பாத்தீங்கல்ல? இதைப் பாருங்க, எப்படி வெச்சிருக்கறேன்னு.

என்னங்க அம்மிணி, திருப்பித் திருப்பிப் பாக்கறீங்க?

இல்லையா? என்ன இல்லை?

கண்ணாடியாட்ட இருக்குதா? குடுங்க இக்கட்ட. ஈரத்துணியில தொடச்சா மேல இருக்கற படம் கரைஞ்சு போயிருமா? ஆரு சொன்னது? தொடைக்காத சாமி படம் உண்டா? இதா. இதா இருக்கறாரு பாருங்க. சங்கிலி இந்தப் பக்கம். தாடி. கண்ணு ரெண்டும் ரொம்பி, இப்ப வந்துருமோ அப்ப வந்துருமோன்னு நிக்குது. தெரியலையா உங்களுக்கு? வயசுப் புள்ளை, உங்க கண்ணுக்கு என்ன கேடு? பாப்பாத்தி! இங்க வா. கண்ணாடியைப் போட்டுட்டு வந்து பாரு. உலகநாதன் இருக்கறாரா இல்லையா, இந்த அம்மிணிக்குச் சொல்லு.

கேட்டீங்களா? 'இருக்கறாருங்க'ன்னு சொல்லிட்டுப் போறா. அம்பது வருசமா வருசத்துக்கொரு தடவை என்கூட நின்னு கற்பூரம் ஒத்திக்கிட்டவ. அவளுக்குத் தெரியாதா? போறவ எதுக்கு முந்தானையில கண்ணைத் தொடைக்கறான்னுதான் எனக்குப் புரியலை.

இதையும் அந்தக் கவருல போடுங்க. மொத எடத்துல வெக்கோணும். ரெண்டாம் பிரேமை எடுத்து இதுக்கு மேல ஒட்டி ஏமாத்தற வேலை ஆகாது. இது இருக்கறபடியே தெரையில வரோணும். எமைக்கற நேரம் ஒரே வெள்ளையா அடிச்சுட்டுப் போகும்னு சொல்றீங்க. அடிக்கட்டும். ரங்கநாதனுக்குக் கறுப்பு உடறீங்கல்ல? எனக்கு அதை உடுங்க. உங்களுக்குத்தான் வெள்ளை. எனக்கு அவரு தெரிவாரு.

ஃபாரத்தை இக்கட்ட தள்ளுங்க. எங்க போடோணும் கையெழுத்து? இங்கயா? பேருக்குக் கீழ 'செக்ரட்டரி'ன்னு நானே எழுதிக்கறேன். பதினாலாந்தேதி மொத ஆட்டத்துக்கு ஏழு டிக்கெட்டு எடுத்து வெச்சிருங்க. இல்லீங்க, எட்டு. கருணாம்பாளும் வரட்டும். இருட்டறை வந்ததும் எண்ண ஆரம்பிச்சுருவேன். ஒண்ணுல இருந்து எண்ணுவேன்.